சுங்கை சிப்புட் தம்பதியர் வகுப்பு: தாராளமாகப் போகலாம், பணத் தாளை மட்டும் நீங்களே திருத்துங்கள்

நிச்சயமான ஜோடிகளுக்கும் புதுசாகக் கல்யாணம் ஆனவர்களுக்கும் மலேசியாவின் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட்டில், கோயில் மண்டபத்தில் நடக்கும் இரண்டு நாள் வகுப்பு இது. பசியாறலும் மதியச் சாப்பாடும் சேர்த்து ஜோடிக்கு 60 வெள்ளி (ரிங்கிட்). முதல் நாள் காலைக்கே அந்தக் காசு தகும்.

நல்ல சேதிக்குப் பதில் சொல்லும் விதத்தை அன்று காலை பழக்குகிறார்கள். உளவியலாளர் ஷெல்லி கேபிள் குழுவினர் 2004இல் வெளியிட்ட ஆய்வுதான் அடிப்படை. "மில்லுல என்னை மண்டோராக்கிட்டாங்க" (மேற்பார்வையாளர் ஆக்கிவிட்டார்கள்) என்கிறார் கணவர். போனைப் பார்த்தபடி "நல்லதுங்க" என்றால் பேச்சு அங்கேயே படுத்துவிடும். "தண்ணி பில்லு கட்டினீங்களா?" என்றால் அவர் சொன்னது காதில் விழவே இல்லை என்று அர்த்தம். "இனி ராத்திரி ஷிப்டும் உங்க தலையிலதான்" என்றால் சந்தோஷமே போச்சு. "யாருங்க சொன்னா? என்னன்னு சொன்னாங்க?" என்று உட்கார்ந்து கேட்பதுதான் நெருக்கத்தை வளர்க்கும். இதை மனைவிக்கு மட்டும் பாடமாக்காமல் ஆண்களையும் எழுப்பிச் சொல்ல வைக்கிறார்கள். அது ரொம்பச் சரி.

மதியம் சண்டைப் பயிற்சி. ஒருவர் ஐந்து நிமிஷம் பேச, மற்றவர் கேட்டதைத் தன் வார்த்தையில் திருப்பிச் சொல்ல வேண்டும். பிறகு இடம் மாறணும். பலர் திருப்பிச் சொல்வதற்குப் பதில் தீர்வு சொல்லக் கிளம்பிவிடுவார்கள். நடத்துபவர் அங்கே நிறுத்துவதால்தான் பயிற்சி பலிக்கிறது. ஆனால் சூடு ஏறினால் "அஞ்சு நிமிஷம் தேத்தண்ணி குடிச்சிட்டு வாங்க" என்பது போதாது. நாடித்துடிப்பு நிமிஷத்துக்கு நூறைத் தாண்டினால் காது அடைத்துப்போகும், அடங்கக் குறைந்தது 20 நிமிஷம் வேண்டும் என்பது தம்பதியர் உறவை ஆராய்ந்த உளவியலாளர் ஜான் காட்மனின் ஆய்வு. எழுந்து போகிறவர் எப்போது திரும்புவார் என்று சொல்லிவிட்டுப் போகணும். சொல்லாமல் மோட்டாரை எடுத்துக்கொண்டு கடைக்குப் போவதைத்தான் வீட்டிலிருப்பவர் அவமதிப்பாக எடுத்துக்கொள்கிறார். இந்தப் பயிற்சியைப் பத்து ஜோடிக்கு நடுவில் வைப்பதும் தப்பு. தோட்டத்துச் சனம் எல்லாம் ஒன்றுக்கொன்று உறவு. கடைசி மேசையைக் கேட்டு வாங்குங்கள்.

பெரிய குறை, வரவு செலவை எழுதச் சொல்லி வகுப்பில் தரும் பணத் தாளில். சம்பளம், இபிஎஃப் (சேமநிதி) பிடித்தம் 11 விழுக்காடு, வீட்டுத் தவணை, கார் தவணை எல்லாம் இருக்கின்றன. கூட்டுக்கட்டு (சீட்டு), கடைக் கணக்கு, அம்மா வீட்டுக்குக் கொடுப்பது, ஆலோங் (உரிமமில்லாத வட்டிக்காரர்) கடன், இதற்கெல்லாம் கட்டமே இல்லை. கல்யாணத்துக்குப் பிறகு வெடிப்பது இவைதான். தொகை உறுத்துவதைவிட மறைத்தது உறுத்தும். நாலு வரி கூடுதலாகக் கோடு போட்டுக்கொள்ளுங்கள். மத்திய வங்கியான பேங்க் நெகாராவின் சிசிஆர்ஐஎஸ் அறிக்கையை, அதாவது ஒருவரின் வங்கிக் கடன் விவரத்தை, இருவரும் இலவசமாக எடுத்து மாற்றிப் படிக்கலாம். ஆலோங் கடன் அதில் வராது, வாய் திறந்துதான் கேட்கணும்.

இரண்டாம் நாள் சட்டப் பகுதி சுருக்கம், தெளிவு. கோயிலில் தாலி கட்டியதோடு நிற்காமல், 1976ஆம் ஆண்டுத் திருமண, மணவிலக்குச் சீர்திருத்தச் சட்டப்படி பதிவு செய்வதை ஆவணங்களோடு விளக்குகிறார்கள். மாமியார் வீட்டில் சேர்ந்திருப்பது பற்றிப் பத்து நிமிஷம்கூட இல்லை. அதைக் கேள்வி நேரத்தில் நீங்களே கிளப்புங்கள்.

இரவு ஷிப்ட் முடித்து நேராக வராதீர்கள். தூக்கமில்லாமல் இந்தப் பயிற்சி எரிச்சலில்தான் முடியும். முன்கூட்டியே சொன்னால் அடுத்த வகுப்புக்கு மாற்றித் தருகிறார்கள், கூடுதல் காசு கேட்பதில்லை.