ரிச்சி தெருவில் வாங்கிய ‘1 டிபி’ பென் டிரைவும், என் போனில் இருந்த ஆறு வருடப் படங்களும்

பெரம்பூரில் வீட்டிலேயே ஆரி வேலை செய்து கொடுக்கிறேன். முக்கால்வாசி கல்யாணப் பிளவுஸ்தான். வேலை முடிந்த பிளவுஸைக் கொடுப்பதற்கு முன்னால் ஜன்னலோர வெளிச்சத்தில் விரித்து வைத்து முதுகு, கை, கழுத்து என்று தனித்தனியாகப் படம் எடுத்துவிடுவேன். பிளவுஸ் போய்விடும், படம்தான் என்னிடம் மிஞ்சும். அடுத்து வருகிறவர்களுக்கு டிசைன் காட்டுவது அதை வைத்துத்தான். 2019-லிருந்து சேர்த்த அந்தப் படங்களில் பாதிக்கு மேல் போன ஆடியில் ஒரே மதியத்தில் போய்விட்டன. போனிலிருந்து கம்ப்யூட்டருக்குப் படங்களை மாற்ற நினைப்பவர்கள் யாராக இருந்தாலும் இதைக் கடைசி வரை படித்துவிடுங்கள்.

ஆடியில் முகூர்த்தம் கிடையாது, வேலை குறைவு. அதனால் அந்த மாதம் படங்களையெல்லாம் ஒழுங்கு செய்து வைக்கலாம் என்று நினைத்தேன். போனில் ‘இடம் இல்லை’ என்று கேமரா அடிக்கடி நின்றுபோய்க் கொண்டிருந்தது. வீட்டில் ஒரு பழைய கம்ப்யூட்டர் வாங்கிப் போட்டிருந்தோம். போனை சார்ஜர் கேபிளால் அதில் மாட்டினேன். சார்ஜ் ஏறியது, ஆனால் கம்ப்யூட்டரில் போன் தெரியவே இல்லை. நான்கு முறை கழற்றி மாட்டிப் பார்த்தேன். மகன் கோயம்புத்தூரில் ஹாஸ்டலில் இருக்கிறான், பரீட்சை நேரம், தொந்தரவு செய்ய மனமில்லை. கம்ப்யூட்டரில்தான் கோளாறு என்று முடிவு கட்டிவிட்டேன். கோளாறு கேபிளில் என்று அப்போது எனக்குத் தெரியாது. மலிவான கேபிள்கள் பலவற்றில் மின்சாரம் போகிற கம்பி மட்டும்தான் இருக்கும், தகவல் போகிற கம்பி இருக்காது. அப்படிப்பட்ட கேபிளை எத்தனை முறை மாட்டினாலும் போன் சார்ஜ் மட்டும்தான் ஆகும்.

ஒரு செவ்வாய்க்கிழமை பெரம்பூரில் ரயிலேறி சென்ட்ரலில் இறங்கி, அங்கிருந்து மெட்ரோவில் அரசினர் தோட்டம் வந்து, எலக்ட்ரானிக்ஸ் கடைகள் நிறைந்த ரிச்சி தெருவுக்கு நடந்தேன். வாசலில் கேபிள்களைக் கொத்துக்கொத்தாகத் தொங்கவிட்டிருந்த ஒரு சின்னக் கடையில், போனைக் கம்ப்யூட்டரில் இணைக்க நல்ல கேபிள் வேண்டும் என்று கேட்டேன். கேபிளோடு வந்திருந்தால் இந்தப் பதிவே இல்லை.

“எதுக்குக்கா கேபிள்? நீங்க ஒரு நாள் முழுக்க உட்காரணும். போனை எங்கிட்ட குடுங்க. ரெண்டு மணி நேரத்துல மொத்தப் போட்டோவையும் பென் டிரைவ்ல ஏத்தி, போனையும் க்ளீன் பண்ணிக் குடுத்துடறேன். நீங்க வீட்ல போய் பென் டிரைவைச் சொருகினா போதும்.”

கண்ணாடிப் பெட்டியிலிருந்து ஒரு பென் டிரைவை எடுத்துக் காட்டினான். பளபளப்பான உலோக உடம்பு, மேலே ‘1 டிபி’ (சுமார் ஆயிரம் ஜிபி) என்று பொறித்திருந்தது. அதற்கு 1,200 ரூபாய், ஏற்றித் தர 300. “பில் வேணும்னா ஜிஎஸ்டி 18 பர்சன்ட் சேரும்க்கா, எதுக்கு வீணா” என்றான். சரி தம்பி என்று ஜிபேயில் 1,500 அனுப்பினேன். போனின் லாக் நம்பரையும் சொன்னேன். இதை எழுதும்போது இப்போதும் கை கூசுகிறது. ஜிபே, பேங்க் ஆப், வாடிக்கையாளர் நம்பர்கள் எல்லாம் உள்ள போனைத் திறந்து கொடுத்துவிட்டு, அந்த இரண்டு மணி நேரத்தில் சவுகார்பேட்டை போய் ஜரி நூலும் சம்க்கியும் வாங்கி வந்தேன். பணம் எதுவும் போகவில்லை. அது என் நல்ல நேரம், அவ்வளவுதான்.

திரும்பி வந்ததும் பென் டிரைவை அவன் கம்ப்யூட்டரில் சொருகித் திறந்து காட்டினான். 2019-ல் நான் செய்த முதல் மாங்காய் பார்டர் பிளவுஸ் திரையில் வந்தது. அடுத்தடுத்து நாலைந்து படங்கள் தட்டினான், எல்லாம் பளிச்சென்று இருந்தன. போனில் பாதி இடம் காலியாகியிருந்தது. சந்தோஷமாக வீட்டுக்கு வந்தேன்.

அன்று இரவு வீட்டுக் கம்ப்யூட்டரில் திறந்தேன். பதினாலாயிரத்துச் சொச்சம் ஃபைல்கள், மொத்தம் 61 ஜிபி. பெயர், தேதி, அளவு எல்லாம் வரிசையாக இருந்தன. 2022 பாதி வரை எல்லாப் படமும் திறந்தது. அதற்குப் பிறகு ஒன்றுகூட இல்லை. ஒவ்வொன்றுக்கும் அதே சாம்பல் நிறக் கட்டம், ‘இந்த ஃபைலைத் திறக்க முடியவில்லை’ என்ற அதே வரி. பெயருக்குப் பக்கத்தில் மட்டும் 4 எம்பி, 5 எம்பி என்று அளவு காட்டிக்கொண்டிருந்தது.

சனிக்கிழமை மகன் வந்து பார்த்தான். திறக்காத படம் ஒன்றை, அதன் உள்ளே உள்ள எண்களை அப்படியே காட்டுகிற ஒரு புரோகிராமில் திறந்தான். திரை முழுக்க பூஜ்ஜியம். கீழே இழுத்துக்கொண்டே போனான், பூஜ்ஜியத்தைத் தவிர வேறு எதுவும் வரவில்லை. “அம்மா, இதுல படம் எழுதப்படவே இல்லை” என்றான்.

பிறகு ஹெச்2 டெஸ்ட் டபிள்யூ என்ற இலவச புரோகிராமை ஓட்டினான். அது டிரைவில் ஏதோ தகவலை எழுதிக்கொண்டே போகும், பிறகு எழுதியது அப்படியே இருக்கிறதா என்று திரும்பப் படித்துப் பார்க்கும். 1 டிபி முழுவதையும் சோதித்தால் ஒரு நாளைக்கு மேல் ஆகும் என்பதால் காலியிடத்தில் 100 ஜிபி மட்டும் எழுதச் சொன்னான். எழுதும்போது ஒரு குறையும் சொல்லவில்லை. திரும்பப் படித்தபோது ஒரு படத்துக்கான இடம்கூடத் தேறவில்லை. என் படங்களில் நல்லபடி திறந்தவற்றைக் கூட்டிப் பார்த்தால் 29 ஜிபி. அந்த ‘1 டிபி’ பென் டிரைவின் உள்ளே இருந்தது 32 ஜிபி சில்லு.

இந்த மோசடி எப்படி வேலை செய்கிறது என்பதைப் புரிந்துகொள்வது முக்கியம், ஏனென்றால் கண்ணால் பார்த்துக் கண்டுபிடிக்க வழியே இல்லை. பென் டிரைவுக்குள் தகவலைச் சேமிக்கிற சில்லு ஒன்று, அதைக் கட்டுப்படுத்துகிற சில்லு ஒன்று இருக்கும். ‘உன்னிடம் எவ்வளவு இடம் இருக்கிறது’ என்று கம்ப்யூட்டர் கேட்டால் பதில் சொல்வது கட்டுப்படுத்துகிற சில்லு. அதைப் பொய் சொல்லும்படி மாற்றி எழுதிவிடுகிறார்கள். கம்ப்யூட்டரும் 1 டிபி என்றே நம்பும். ஒரு குடம் தண்ணீர் பிடிக்கிற அண்டாவில் முப்பது குடம் என்று எழுதி ஒட்டின மாதிரி. லாரித் தண்ணீரை ஊற்றுகிறவர் முப்பது குடமும் ஊற்றிவிட்டதாகக் கணக்கு எழுதிக்கொண்டு போய்விடுவார், இருபத்தொன்பது குடம் மண்ணில் போயிருக்கும். இடம் தீர்ந்த பிறகு வரும் தகவலைச் சில டிரைவுகள் வாங்கிக் கீழே போட்டுவிடும், சில டிரைவுகள் பழைய தகவலின் மேலேயே எழுதும். ஃபைல் பெயர்களின் பட்டியல் டிரைவின் ஆரம்பத்தில் பத்திரமாக இருப்பதால் பெயர்கள் மட்டும் தெரிந்துகொண்டே இருக்கும். காப்பி ஆகும்போது பிழை என்று ஒரு வார்த்தைகூட வராது. கடைக்காரன் முதல் நாலைந்து படத்தைத் திறந்து காட்டியதன் காரணம் இதுதான். எனக்குக் கிடைத்தது போல, மிஞ்சியதைக் கீழே போட்டுவிடுகிற டிரைவில் முதலில் போனவை நன்றாகவே இருக்கும். கடைசிப் படத்தைத் திறந்து காட்டச் சொல்லியிருந்தால் அங்கேயே பிடிபட்டிருப்பான். அப்போது படங்கள் போனிலிருந்து அழிந்துவிட்டிருந்தன என்பது வேறு விஷயம்.

அழித்ததும் சாதாரணமாக இல்லை. கேமரா ஃபோல்டரை அழித்து, குப்பைத்தொட்டியையும் காலி செய்திருந்தான். கூகுள் போட்டோஸில் அழித்திருந்தால் பேக்கப் ஆன படம் 60 நாள் வரை அதன் குப்பைத்தொட்டியில் இருக்கும், ஆகாதது 30 நாள். இங்கே ஃபைல் மேனேஜர் வழியாகத் துடைத்துவிட்டான்.

திங்கட்கிழமை மகனும் நானும் கடைக்குப் போனோம். “நாங்க ஏத்துறப்போ நல்லா இருந்துச்சு, உங்க கம்ப்யூட்டர்ல வைரஸ்” என்றான். சோதனை முடிவைக் காட்டினோம். வேறு ஒரு பென் டிரைவ் தருகிறேன் என்று அதே பெட்டியிலிருந்து அதே போல இன்னொன்றை எடுத்தான். வேண்டாம், பணத்தைக் கொடு என்றோம். “பில் காட்டுங்க” என்றான். பில்லைத் தராதவனே பில்லைக் கேட்கிறான்! அப்படியே நின்றுவிட்டேன். நியாயத்துக்காகச் சொல்கிறேன், எங்கள் கம்ப்யூட்டரும் அதே தெருவில்தான் வாங்கியது. அந்தக் கடைக்காரர் பில், வாரண்டி சீட்டு எல்லாம் தந்தார். ஒரு முறை ஃபேன் சத்தம் வந்தபோது காசு வாங்காமல் சரிசெய்து கொடுத்தார். தெரு மீது எனக்குக் கோபம் இல்லை.

அதே தெருவில் ‘அழிந்த போட்டோ 100 சதவீதம் மீட்டுத் தரப்படும்’ என்ற போர்டைப் பார்த்து உள்ளே போனேன். 8,500 ரூபாய், பாதி முன்பணம். மகன் கையைப் பிடித்து வெளியே கூட்டி வந்துவிட்டான். பழைய மெமரி கார்டு, ஹார்டு டிஸ்க் போல இல்லை இப்போதைய போன். உள்ளே இருக்கும் எல்லாமே பூட்டு போட்ட குறியீடாகத்தான் எழுதப்படுகிறது. அழித்த ஃபைலின் சாவி போய்விடும், இடத்தையும் போன் தானே துடைத்துவிடும். அப்படி நிரந்தரமாக அழிந்ததை உள் நினைவகத்திலிருந்து திரும்ப எடுக்க முடியாது என்றே வைத்துக்கொள்ளுங்கள். ஏற்கெனவே நொந்து வருகிறவர்களிடம் இப்படி மறுபடி ஒருமுறை பிடுங்குவதை நினைத்தால் வயிறு எரிகிறது.

திரும்பக் கிடைத்தவை இரண்டு இடங்களிலிருந்து. ஒன்று கூகுள் போட்டோஸ். 2021 ஜூன் 1-க்கு முன்னால், படத்தைச் சற்றுச் சுருக்கிச் சேமிக்கிற ‘ஹை குவாலிட்டி’ முறையில் ஏற்றிய படங்களுக்கு இடக் கணக்கு கிடையாது, அதன் பிறகு ஏற்றியவை 15 ஜிபி கணக்கில் சேரும். என் கணக்கு 2023-ல் நிரம்பி பேக்கப் நின்றுவிட்டது. ‘சேமிப்பிடம் நிறைந்துவிட்டது’ என்று இரண்டு வருடமாக வந்துகொண்டிருந்த செய்தியை நான் தள்ளிவிட்டுக்கொண்டே இருந்திருக்கிறேன். ஆனாலும் 2023 தீபாவளி வரையிலான படங்கள் அங்கே இருந்தன. இன்னொன்று வாட்ஸ்அப். வாடிக்கையாளர்களுக்கு நான் அனுப்பிய படங்களின் பிரதிகள் போனிலேயே வாட்ஸ்அப் இமேஜஸ் ஃபோல்டருக்குள் ‘சென்ட்’ என்ற ஃபோல்டரில் கிடந்தன. கடைக்காரன் கேமரா ஃபோல்டரை மட்டும் தொட்டதால் அது தப்பியது. ஆயிரத்து நூறு படங்கள் அங்கே கிடைத்தன. ஆனால் வாட்ஸ்அப் படத்தைச் சுருக்கித்தான் அனுப்பும். ஜர்தோசிச் சுருள் எந்தப் பக்கம் திரும்புகிறது, கல்லுக்கு அடியில் எத்தனை சுற்று நூல் என்று பெரிதாக்கிப் பார்த்தால் மங்கலாகத்தான் தெரிகிறது. எனக்கு வேண்டியது அந்த நுணுக்கம்தான்.

வீட்டிலேயே இதை எப்படிச் செய்வது என்று மகன் காட்டியதையும் எழுதிவிடுகிறேன். தகவல் போகிற கேபிள் என்று கேட்டு வாங்குங்கள், போனோடு வந்த கேபிள் இருந்தால் பெரும்பாலும் அதுவே போதும். மாட்டியதும் போனின் மேலிருந்து கீழே இழுத்தால் ‘யுஎஸ்பி மூலம் சார்ஜ் ஆகிறது’ என்ற மாதிரி ஒரு வரி இருக்கும். அதைத் தட்டி ‘ஃபைல் டிரான்ஸ்ஃபர்’ என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். போன் பூட்டியிருந்தால் கம்ப்யூட்டரில் ஃபோல்டர் காலியாகத் தெரியும், பயப்படாமல் போனைத் திறங்கள். டிசிஐஎம் என்ற ஃபோல்டர், அதற்குள் கேமரா. அங்கிருந்து காப்பி செய்யுங்கள், ‘கட்’ வேண்டவே வேண்டாம். பாதியில் கேபிள் ஆடினால் இரண்டு பக்கமும் இல்லாமல் போகலாம். பத்தாயிரம் படத்தை ஒரே மூச்சில் இழுத்தால் நடுவில் நின்றுவிடும், ஐநூறு ஐநூறாக எடுங்கள். முடிந்ததும் எண்ணிக்கையை ஒப்பிடுங்கள், முதல், நடு, கடைசி என்று திறந்து பாருங்கள். விண்டோஸின் போட்டோஸ் புரோகிராமில் இம்போர்ட் செய்தால் ‘இம்போர்ட் ஆனதும் அசலை அழி’ என்று ஒரு கட்டம் வரும், அதில் டிக் இருக்கக் கூடாது. இரண்டாவது பிரதி வேறு ஒரு டிஸ்க்கில் ஏறிய பிறகுதான் போனில் கை வைக்க வேண்டும்.

என் நாத்தனாரிடம் ஐபோன். அதில் ‘இந்தக் கம்ப்யூட்டரை நம்பலாமா’ என்று கேட்பதற்குச் சரி சொல்ல வேண்டும். நடுவில் பிழை வந்து நின்றால் போட்டோஸ் செட்டிங்கில் கீழே ‘கீப் ஒரிஜினல்ஸ்’ என்று மாற்றினால் ஓடிவிடுகிறது.

பென் டிரைவ், ஹார்டு டிஸ்க் எது வாங்கினாலும் படம் ஏற்றுவதற்கு முன்னால் காலியாக இருக்கும்போதே ஹெச்2 டெஸ்ட் டபிள்யூ சோதனையை ஓட்டிவிடுங்கள். 1,200 ரூபாய்க்கு 1 டிபி பென் டிரைவ் உலகத்தில் எங்கேயும் கிடைக்காது.

பணத்துக்காக 1915-ல் தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் பதிந்திருக்கிறேன். பில் இல்லாததால் ஜிபே ரசீது, கடையின் விசிட்டிங் கார்டு, சோதனை முடிவின் படம் மூன்றையும் இணைத்தேன். விற்றவர் பில் தராமல் இருப்பதே 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் முறையற்ற வணிகம்தான் என்பதை இதற்குப் பிறகே தெரிந்துகொண்டேன். பதில் இன்னும் வரவில்லை. பென் டிரைவை உடைக்காமல், அழிக்காமல் கவரில் போட்டு வைத்திருக்கிறேன்.

போன வாரம் அயனாவரத்திலிருந்து ஓர் அம்மா மகள் கல்யாணத்துக்காக வந்தார். இரண்டு வருடம் முன்னால் அவர் அக்கா மருமகளுக்கு நான் செய்த மயில் டிசைன்தான் வேண்டும் என்றார். அந்தப் படம் என்னிடம் இல்லை. நடந்ததைச் சொன்னேன். மறுநாள் அந்த பிளவுஸையே பையில் போட்டு எடுத்து வந்துவிட்டார். டிரேசிங் பேப்பரை மேலே வைத்து மயிலை மறுபடி வரைந்து எடுத்தேன். ஜன்னலோரம் விரித்து இருபத்திரண்டு படம் எடுத்து, அன்று இரவே கேபிளில் கம்ப்யூட்டருக்கு ஏற்றி, ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்துவிட்டுத்தான் பிளவுஸைத் திருப்பிக் கொடுத்தேன்.