தாராவியில் ரயில்வே இழப்பீட்டு கேஸ் நடத்தும் ஒரு வக்கீல் ஆபீஸ்

மும்பை லோக்கல் ரயிலில் இருந்து விழுந்து வீட்டு ஆளைப் பறிகொடுத்த தமிழ்க் குடும்பங்களுக்காக இதை எழுதுகிறேன். எங்கள் அத்தான் அப்படித்தான் குர்லாவுக்கும் சயானுக்கும் நடுவில் போனார். அக்காவுக்காக கேஸ் நடத்திய வக்கீலின் ஆபீஸ் 90 அடி சாலைப் பக்கம் இருக்கிறது. வக்கீல்கள் விளம்பரம் செய்யக் கூடாது என்று பார் கவுன்சில் விதி இருப்பதால் பெயர் வேண்டாம் என்று அவரே சொல்லிவிட்டார், அந்தப் பக்கம் விசாரித்தால் தெரிந்துவிடும்.

முதலில் நல்லதைச் சொல்கிறேன். பேப்பர் விஷயத்தில் மனிதர் கெட்டி. போன உடனே பணத்தைப் பற்றிப் பேசவில்லை, ஸ்டேஷன் மாஸ்டர் மெமோவும் (விபத்தைப் பற்றி அவர் எழுதிக் கொடுக்கும் குறிப்பு) ரயில்வே போலீஸ் பஞ்சநாமாவும்தான் (சாட்சிகள் முன்னால் சம்பவ இடத்தைப் பார்த்து எழுதுவது) கேட்டார். மெமோவில் "தண்டவாளத்தில் உடல் கிடந்தது" என்று மட்டும் இருந்தது. இந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு, லைன் கடக்கும்போது அடிபட்டார் என்று எதிர்த்தரப்பு வாதாடும், அப்படி ஆனால் இழப்பீடே கிடையாது என்று அக்காவுக்குப் புரியும்படி சொன்னார். அத்தானோடு அதே பெட்டியில் வந்த ஒருவரைத் தேடிப் பிடித்து வாக்குமூலம் வாங்கினார். அத்தானின் ரயில் பாஸ் போனில் இருந்தது, போனோ நொறுங்கிவிட்டது. அதே சிம்மை வேறு போனில் போட்டு பாஸ் எடுத்த விவரத்தைப் பார்க்க வைத்தார், பேங்க் ஸ்டேட்மென்ட்டில் பாஸுக்குப் பணம் போன வரியையும் தேடி வட்டம் போட்டு பிரமாணப் பத்திரத்தோடு சேர்த்தார். உடலோடு டிக்கெட் கிடைக்கவில்லை என்பதற்காக மட்டும் பயணி இல்லை என்று தள்ளிவிட முடியாது, குடும்பம் பிரமாணம் கொடுத்த பிறகு நிரூபிக்கும் பொறுப்பு ரயில்வேயின் மேல் என்று 2018ல் ரீனா தேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. படிக்கட்டில் நின்றது இறந்தவரின் கவனக்குறைவு என்று ரயில்வே வக்கீல் ஆரம்பித்தபோதும் இவர் எடுத்துக் காட்டியது இதே தீர்ப்பைத்தான். ரயில்வேயின் தப்பு என்று நாம் நிரூபிக்க வேண்டியதே இல்லை, ரயில்வே சட்டத்தின் 124ஏ பிரிவு அப்படி. தற்கொலை, போதை, நோய் மாதிரி சில காரணங்கள் இருந்தால்தான் மறுக்கலாம்.

அத்தானின் அம்மா திருநெல்வேலியில் அவர் அனுப்பும் பணத்தில்தான் இருந்தார். அவரையும் மனுதாரராகச் சேர்க்க வேண்டும் என்று வக்கீல் பிடிவாதமாகச் சொன்னது எனக்கு ரொம்பப் பிடித்தது, இல்லாவிட்டால் பின்னால் இரண்டு வீட்டுக்கும் மனக்கசப்பாகியிருக்கும்.

இன்னொன்று, பக்கத்து சாலில் (வரிசை வீட்டுக் குடியிருப்பில்) ஒரு பையன் லைன் கடக்கும்போது இறந்துவிட்டான். அந்த வீட்டாரிடம் "இது தேறாதும்மா, பணத்தை வீணாக்காதீங்க" என்று நேரடியாகச் சொல்லி அனுப்பினார். ஆஸ்பத்திரி வாசலிலேயே எங்களைப் பிடித்து, வெள்ளைத் தாளில் கையெழுத்துப் போடுங்கள், வருவதில் பாதி எனக்கு என்று கேட்ட புரோக்கரைப் பார்த்தவன் நான், அதனால் இந்த நேர்மை எவ்வளவு பெரிய விஷயம் என்று எனக்குத் தெரியும்.

குறைகளும் உண்டு. போன் எடுக்க மாட்டார். வாய்தா தள்ளிப்போனதைச் சொல்லாமல் விட்டு, அக்கா வேலைக்கு லீவு போட்டுப் போய்த் திரும்பி வந்திருக்கிறாள். மனு முழுக்க ஆங்கிலம், தமிழில் படித்துச் சொல்லுங்கள் என்று நாம் கேட்டால்தான் ஜூனியர் படித்துக் காட்டுவார், கேட்டுவிட்டே கையெழுத்துப் போடுங்கள். ஃபீஸும் குறைவு என்று சொல்ல மாட்டேன், ஆனால் முதல் நாள் சொன்னதற்கு மேல் ஒரு பைசா கேட்கவில்லை. பணம் நேராக அக்கா கணக்குக்கே வந்தது, ஒரு பங்கு டெபாசிட்டில் இருக்கிறது.

தொகையைப் பற்றி ஊரில் பலருக்குக் குழப்பம். 2017 ஜனவரி 1 முதல் உயிரிழப்புக்கு 8 லட்சம், அதற்கு முன் 4 லட்சம். 2023ல் ஒடிசாவில் நடந்த பாலசோர் ரயில் விபத்துக்கு அறிவித்த 10 லட்சம் கருணைத் தொகை, அது வேறு. இந்த கேஸ்களை விசாரிக்கும் ரயில்வே இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் மனு போட ஒரு வருஷம்தான் கெடு, தாமதமானால் காரணம் சொல்லி அனுமதி கேட்க வேண்டியிருக்கும்.

போகும்போது மெமோ, பஞ்சநாமா, போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட், இறப்புச் சான்று, ரேஷன் கார்டு, ஆதார், இறந்தவரின் சிம் கார்டு எல்லாம் கையில் இருக்கட்டும். சாயங்காலம் ஏழு மணிக்கு மேல் போனால்தான் ஆளைப் பிடிக்கலாம், பகலில் கோர்ட்டில் இருப்பார்.