குசு விடும் நாயா, குசுவை விளக்கும் புத்தகமா?

பிள்ளைகளுக்குப் படித்துக்காட்ட, குசுவைப் பற்றி இரண்டு படப்புத்தகங்கள். 2001இல் வந்த ‘வால்டர் தி ஃபார்ட்டிங் டாக்’ அமெரிக்கக் கதை. வால்டர் என்ற நாய் குசு விட்டுக்கொண்டே இருக்கும். அதை எடுத்துவந்த நாய்க் காப்பகத்துக்கே திருப்பி அனுப்ப அந்த வீட்டு அப்பா முடிவெடுக்கிறார். அன்றிரவு வந்த திருடர்கள், வால்டர் விட்ட குசுவில் மூச்சுமுட்டி ஓடிவிடுகிறார்கள். எல்லோரும் முகம் சுளித்த குறையே வீட்டைக் காப்பாற்றுகிறது. பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பதும், “இன்னொரு தடவை!” என்பதும் இந்த இடத்தில்தான்.

ஜப்பானியரான ஷின்தா சோவின் ‘தி கேஸ் வி பாஸ்’ கதை சொல்லாது. சாப்பிடும்போது விழுங்கும் காற்று, குடலில் பாக்டீரியா உண்டாக்கும் வாயு, யானை விட்டால் எவ்வளவு பெரிது என்று நேராகப் பேசும். “ஏன் நாறுது?” என்று கேட்கும் பிள்ளைக்கு இதுதான் சரி. தூங்கவைக்கும் நேரத்துக்கு என் ஓட்டு வால்டருக்கே.