லெஸ் பிளாங்க் ப்ளூ-ரே தொகுப்பு: காசு போட்டு வாங்கலாமா?

முதலில் ஒரு எச்சரிக்கை. அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் லெஸ் பிளாங்க்கின் படங்களைச் சேர்த்து, க்ரைட்டீரியன் என்ற அமெரிக்க டிஸ்க் நிறுவனம் 2014-இல் வெளியிட்ட இந்த 'ஆல்வேஸ் ஃபார் ப்ளெஷர்' தொகுப்பு ரீஜன் ஏ, அதாவது அமெரிக்கா போன்ற நாடுகளின் பிளேயரில் மட்டும் ஓடும்படி பூட்டியது. இந்தியாவும் இலங்கையும் ரீஜன் சி, அதனால் இங்கே விற்கிற சாதாரண பிளேயரில் ஓடாது, ரீஜன் பூட்டு இல்லாத பிளேயர் வேண்டும். தபால் செலவு, சுங்க வரி தனி. அப்படியும், தானே கேமராவைத் தூக்கிக்கொண்டு படம் எடுக்கக் கிளம்பியவர்கள் வாங்கலாம் என்றுதான் சொல்வேன்.

மூன்று டிஸ்க், 14 படங்கள், பெரும்பாலும் அரை மணியிலிருந்து ஒரு மணி நேரம். 1960களின் கடைசியிலிருந்து 90களின் நடுப்பகுதிவரை எடுத்தவை. மனுஷர் வயிற்றுப்பாட்டுக்குக் கம்பெனிகளுக்கு விளம்பரப் படம் எடுத்துக்கொண்டே 1967-இல் ஃப்ளவர் ஃபிலிம்ஸ் என்று தனக்கென ஒன்றைத் தொடங்கி, டெக்சாஸ் ப்ளூஸ் பாடகர் லைட்னின் ஹாப்கின்ஸ், லூசியானாவின் அக்கார்டியன் கலைஞர் கிளிஃப்டன் ஷெனியே, நியூ ஆர்லியன்ஸ் தெரு ஊர்வலம், பூண்டு, ஏன், முன்பல்லில் இடைவெளி உள்ள பெண்கள் என்றுகூட, எந்தத் தயாரிப்பாளரும் காசு போடாத விஷயங்களாகப் பார்த்து எடுத்தார்.

ஒளிப்பதிவுதான் இதில் சொத்து. 16 எம்.எம். கேமரா, கூட ஒலிப்பதிவுக்கு ஒருவர், அவ்வளவுதான் பல சமயம். ஹாப்கின்ஸ் படத்தில் விளக்கம் சொல்லும் பின்னணிக் குரலே கிடையாது. அவர் பேசுகிறார், பாடுகிறார், ஊர் தெரிகிறது. 'ஸ்பெண்ட் இட் ஆல்' படத்தில் ஒருவர் குறட்டால் தன் பல்லைத் தானே பிடுங்குவார், எனக்கு வயிற்றைப் புரட்டிவிட்டது. ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் பிற்பாடு தன் 'ஸ்ட்ரோஷெக்' படத்தில் அதேபோல எடுத்தது இந்தக் காட்சியைத்தான்.

பூண்டுப் படம் (1980) திரையிடும்போது அரங்கிலேயே பூண்டை வாட்டி வாசனை பரப்புவாராம். டிஸ்க்கில் அந்த வசதி இல்லை, நம் அடுப்படிதான் கதி!

குறை? அவருக்கு அதிகம் பெயர் வாங்கித் தந்த 'பர்டன் ஆஃப் ட்ரீம்ஸ்' (1982), அமேசான் காட்டில் படம் எடுக்க ஹெர்சாக் படும் பாட்டைப் பற்றியது, இதில் இல்லை. அதற்குத் தனி டிஸ்க், தனிக் காசு. இவ்வளவு விலை வைத்தவர்கள் அதையும் உள்ளே போட்டிருக்கலாம். அப்புறம், 14 படத்தையும் ஒரே மூச்சில் பார்த்தால் திகட்டும். சாப்பாடு, பாட்டு, ஆட்டம், மறுபடி சாப்பாடு. வாரம் ஒன்று போதும், ஆண்டு வரிசையிலேயே போங்கள்.