கோஸிமோ: ஆண் குழந்தைப் பெயர் விமர்சனம்

இத்தாலியப் பெயர். மூன்றே அசை, முடிவில் ஓகாரம், கூப்பிட எளிது. அழுத்தம் முதல் அசையில் விழ வேண்டும். 'ஸி'யில் அழுத்தினால் பெயரின் துள்ளலே போய்விடும். நடுவிலுள்ள ஸகரம் ஆங்கில இசட் போல அதிரும்.

மூலம் கிரேக்கத்தின் 'கோஸ்மோஸ்': ஒழுங்கு, பிரபஞ்சம். இத்தாலிய நகரான ஃபுளோரன்ஸை ஆண்ட மெடிசி குடும்பத்தால் புகழ்பெற்ற பெயர். 1610இல் வியாழனின் நான்கு நிலாக்களுக்கு அக்குடும்பத்து ஆட்சியாளர் இரண்டாம் கோஸிமோவின் பெயரைத்தான் கலிலியோ முதலில் சூட்ட நினைத்தார். பொருளுக்கு இதைவிடப் பொருத்தமான வரலாறு வாய்ப்பது அரிது!

குறை? செல்லப்பெயரான 'மிம்மோ'வை தொமெனிகோ என்ற பெயர் உள்ளவர்களும் வைத்திருக்கிறார்கள். பெயர்த் திருநாள் (அப்பெயருக்குரிய புனிதரின் விழா) செப்டம்பர் 26.

இத்தாலியில், உயிரோடிருக்கும் தந்தையும் கோஸிமோ என்றால் மகனுக்கு அதே பெயரை வைக்கச் சட்டம் இடம் தராது. பிறப்பை 10 நாளுக்குள் நகராட்சியிலோ, 3 நாளுக்குள் மருத்துவமனையிலோ பதியலாம்.