குன்னூர் சனிக்கிழமை படக்காட்சி: படங்களுக்காகப் போகலாம்

பெட்ஃபோர்டு பக்கம் ஒரு காபிக்கடை மாடியில் சனிக்கிழமை சாயங்காலம் படம் போடுகிறார்கள். நூறு ரூபாய், டீயும் வர்க்கியும் அதிலேயே சேர்த்தி. இந்த மாதம் முழுக்க பிரேசில் ஆவணப்பட இயக்குநர் எட்வர்டோ கோட்டின்யோவின் படங்கள். யோசிக்காமல் போகலாம், நடத்துகிற விதத்தில்தான் எனக்குச் சண்டை.

முதலில் போட்டது 1984-ல் வந்த 'காப்ரா மார்காடோ பாரா மோரேர்'. பராய்பா மாநிலத்தில் ஜோவாவோ பெட்ரோ டெய்ஷெய்ரா என்ற விவசாயச் சங்கத் தலைவரை 1962-ல் கொன்றுவிட்டார்கள். அந்தக் கதையை விவசாயிகளையே நடிக்கவைத்து, மனைவி வேடத்துக்கு அவர் மனைவி எலிசபெத்தையே போட்டு, 1964-ல் எடுக்க ஆரம்பிக்கிறார் கோட்டின்யோ. பாதியில் ராணுவம் ஆட்சியைப் பிடிக்க, சிப்பாய்கள் படப்பிடிப்பு இடத்துக்கே வந்து சாமான்களை அள்ளிக்கொண்டு போகிறார்கள், ஆட்கள் சிதறிப் போகிறார்கள். 17 வருஷம் கழித்துத் திரும்பிப் போய், தப்பிப் பிழைத்த காட்சிகளை ஊர்க்காரர்களுக்குப் போட்டுக் காட்டுகிறார், வேறு பெயரில் ஒளிந்திருந்த எலிசபெத்தைக் கண்டுபிடிக்கிறார், அப்புறம் திக்குக்கு ஒன்றாகப் போன பிள்ளைகளையும் தேடிப் போகிறார்.

அதே 1964-ல்தான், இலங்கைத் தோட்டத் தமிழர்களில் பலரை இந்தியாவுக்கு அனுப்பச் சொன்ன சாஸ்திரி - சிறிமாவோ ஒப்பந்தம். அதில் இலங்கையிலிருந்து வந்த குடும்பத்து அம்மா ஒருவர், டேன்டீ (அரசுத் தேயிலைத் தோட்டம்) தொழிலாளர் லைன் வீடுகளிலிருந்து வந்து என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். பிள்ளைகளைத் தேடும் இடத்தில், "எங்க அக்கா நுவரெலியாவுலயே நின்னுட்டா" என்றார், யாரிடம் என்றில்லாமல்.

ஆனால் வசன வரிகள் இங்கிலீஷில் மட்டும். பேரன் அவருக்குக் காதோரம் சொல்லிக்கொண்டே வந்தான், முன்வரிசையிலிருந்து ஒருத்தர் திரும்பி 'உஷ்' என்றார். படம் முடிந்ததும் விருந்தினர் ஒருவர் அதே இங்கிலீஷில் விடாமல் பேசினார், அந்த அம்மா பாதியில் எழுந்து போய்விட்டார். மற்றவர்கள் பேசுவதைக் கேட்பதையே வேலையாக வைத்திருந்தவர் கோட்டின்யோ! குப்பைமேட்டில் பிழைப்பவர்களைப் பற்றிய படத்தில் முதலில் எல்லாரும் முகத்தை மூடிக்கொள்கிறார்கள், அவர்களுடைய படங்களை அச்சிட்டு எடுத்துப்போய்க் காட்டிய பிறகுதான் மெல்ல வாய் திறக்கிறார்கள். 2002-ல் வந்த 'எடிஃபீசியோ மாஸ்டர்' படத்துக்காக, ரியோ நகரத்துக் கோபகபானாவில் 276 வீடுகள் இருக்கும் கட்டடத்தில் குழுவோடு தானும் ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்தார். பெரிய சம்பவம் எதுவும் கிடையாது, வீடு வீடாகப் போய்ப் பேசுவதுதான் படம், எனக்கு எல்லாவற்றிலும் பிடித்தது அதுதான்.

கதைச் சுருக்கத்தை ஒரு பக்கம் தமிழில் அடித்துக் கொடுத்தாலே பாதிக் குறை தீரும், பேச்சைக் கால் மணி நேரத்தோடு நிறுத்தினால் மீதியும் தீரும்.

அடுத்து 'ஜோகோ டி செனா', 2007. பெண்கள் தங்கள் கதையைச் சொல்ல, அதையே நடிகைகளும் சொல்வார்கள், எது யாருடைய கதை என்று குழம்பும். பேச்சுதான் முழுப் படமும், இங்கிலீஷ் வேகமாகப் படிக்க வராதவர்கள் துணைக்கு ஆள் கூட்டிப் போங்கள். மாடியில் ஹீட்டர் இல்லை, ஜெர்கின் கட்டாயம். கோத்தகிரிக்காரர்கள் கடைசி பஸ் நேரத்தை முதலிலேயே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.