பொலன்னறுவைக் கல்கோயில்: வழிகாட்டியோடா, தனியாகவா?

கொழும்பிலிருந்து விடியற்காலையில் வான் பிடித்துப் போகிறவர்கள் எல்லோரும் என்னிடம் கேட்பது இதைத்தான். நான் இரண்டு விதமாகவும் போயிருக்கிறேன்.

வழிகாட்டியோடு போனால் வட்டதாகே என்ற வட்ட வடிவப் பௌத்தக் கட்டடமும் கல்பொத்தவும் நன்றாகப் புரியும். கல்பொத்த என்பது நிசங்கமல்லன் என்ற மன்னன் எழுதிவைத்த பெரிய கல்வெட்டு, சுமார் 25 தொன் எடை. சிங்கள எழுத்து வாசிக்கத் தெரியாதவருக்கு யாராவது சொல்லித்தராவிட்டால் அது வெறும் பாறைதான். ஆனால் வழிகாட்டிக்கு நேரக் கணக்கு உண்டு. இரண்டாம் சிவ தேவாலயத்தில் எங்களைப் பத்து நிமிடம்கூட நிற்க விடவில்லை, எனக்கு அது இன்னும் மனதில் கிடக்கிறது.

ஏனென்றால் அது 11ஆம் நூற்றாண்டில் சோழர் காலத்தில் முழுக்கக் கல்லால் எழுப்பிய கோயில், வானவன்மாதேவி ஈஸ்வரம் என்று பெயர், சுவரில் தமிழ்க் கல்வெட்டுகள். அடுத்த முறை அக்காவும் நானும் மட்டும் போனோம். சப்பாத்தைக் கழற்றிவிட்டு, சுடுகிற கல்லில் கால் மாற்றி மாற்றி நின்று எழுத்துகளைப் பார்த்தோம். முதலில் ஒன்றும் பிடிபடவில்லை, அப்புறம் அக்கா ஒரு 'ன'வைக் கண்டுபிடித்தாள், பிறகு ஒரு 'ம'. அந்த ஒரு மணித்தியாலத்தை எந்த வழிகாட்டியும் தந்திருக்க முடியாது.

வட்டதாகே பக்கத்துக்கு மட்டும் வழிகாட்டி பிடியுங்கள், சிவன் கோயிலுக்குத் தனியாகப் போங்கள். பொலன்னறுவையில் கிடைத்த வெண்கலச் சிலைகள் சில கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கின்றன, முடிந்தால் புறப்படுவதற்கு முன்பே பார்த்துவிடுங்கள்.